ஹெலன் அக்காவும் மலையேறிய மோட்டாரும்

ஜெகதளாவில் என் வீட்டு வாசலில் உட்கார்ந்து ஸ்கூட்டரின் பிளக்கைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தபோது டேவிட் அழைத்தான். டேவிட், ஹெலன் அக்காவின் தங்கை மகன். குன்னூரில் கடைசிவரை அவருடன் இருந்து பார்த்துக்கொண்டவன். "மாமா, பெரியம்மா போயிட்டாங்க" என்றான். "காலைல காபி குடிச்சிட்டு ஜன்னல்கிட்ட உக்காந்திருந்தாங்க. டம்ளர எடுக்கப் போனேன். அப்பத்தான் தெரிஞ்சுது." நான் என்ன கேட்டேன் என்று நினைவில்லை. ஏதோ கேட்டிருக்கிறேன், அவனும் ஏதோ பதில் சொல்லியிருக்கிறான். போனை வைத்துவிட்டு பிளக்கைத் திரும்ப மாட்டினேன். கையில் இருந்த கரியைக் கழுவிக்கொண்டு பஸ் பிடித்துக் குன்னூர் போனேன்.

அடக்கம் முடிந்து எல்லோரும் தேவாலயக் கூடத்தில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது, என்னிடம் வந்து பேசியவர்களில் பாதிப் பேர் ஒரே விஷயத்தைத்தான் கேட்டார்கள். அந்த மோட்டார் படத்தில் உண்மையில் என்னதான் நடந்தது? அக்காவுக்கும் நடராஜனுக்கும் சண்டையாமே? படத்தையே மறைத்துவிட்டார்களாமே? ஆளுக்கொரு மாதிரி கேள்விப்பட்டிருந்தார்கள். நான் ஆரம்பத்திலிருந்து கூட இருந்தவன். நடந்ததை நடந்தபடி எழுதிவைப்பது அவருக்குச் செய்ய வேண்டிய மரியாதை என்று தோன்றியது.

அவரைச் சனிக்கிழமைத் திரையிடலில் மட்டும் பார்த்தவர்களுக்குச் சொல்கிறேன். ஹெலன் கிரேஸ் குன்னூரிலேயே பிறந்தவர். அப்பா மிஷன் பள்ளியில் கணக்கு வாத்தியார். கல்லூரி முடித்ததும் பம்பாய்க்குப் போய், அரசாங்கத்துக்காகச் செய்திப்படங்களும் விவரணப்படங்களும் தயாரிக்கும் அலுவலகத்தில் எடிட்டிங் அறையில் சேர்ந்தார். ஓய்வு பெறும்வரை அங்கேதான் இருந்தார். அணை, வெள்ளம், ரயில், தேர்தல் என்று நாட்டில் நடந்தவையெல்லாம் சுருள் சுருளாக அவர் கைவழியே போயிருக்கின்றன. திருமணம் செய்துகொள்ளவில்லை. ஊருக்குத் திரும்பியதும் மாதம் ஒரு சனிக்கிழமை தேவாலயக் கூடத்தில் பழைய விவரணப்படங்களைப் போட்டுக் காட்ட ஆரம்பித்தார். பாட்டும் சண்டையும் இருக்கும் என்று நினைத்து வந்த முதல் கூட்டம் பாதியில் எழுந்து போய்விட்டது. அவர் கவலைப்படவில்லை. "மிச்சம் இருக்கறவங்களுக்குக் காலை நீட்டிக்க எடம் கெடச்சுதுல்ல" என்றார்.

எனக்கு அவர் பழக்கமானது அந்தப் படத்தால்தான். ஊட்டி பாலிடெக்னிக்கில் மோட்டார் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவன் நான். குன்னூர் மார்க்கெட்டில் கேரட் வாங்கிக்கொண்டிருந்தபோது ஒரு அம்மாள் பக்கத்தில் வந்து நின்றார்.

"ஏனுங்க, நீங்கதானே மோட்டார் வாத்தியாரு சேகரு?"

"ஆமாங்க."

"ஊட்டுல ஒரு வண்டி இருக்குது. மலை ஏறுதா எறங்குதான்னு ஒரு சந்தேகம். வந்து பாத்துச் சொல்ல முடியுங்களா?"

ஏற்றத்தில் இழுக்காத வண்டி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். மறுநாள் ஸ்பேனர் பையோடு போனேன். வீட்டில் வண்டி எதுவும் இல்லை. வண்டி நிறுத்த இடமும் இல்லை. தெருவிலிருந்து படி இறங்கித்தான் அந்த வீட்டுக்குப் போக வேண்டும். என் பையைப் பார்த்து அவர் சிரித்த சிரிப்பு அடங்கக் கொஞ்ச நேரம் ஆயிற்று. பிறகு உட்காரச் சொல்லி டிவியைப் போட்டார்.

படம் சில நிமிடங்கள்தான் ஓடும். சத்தம் கிடையாது. முதலில் ஆங்கிலத்தில் எழுத்து வரும்: இன்ன துரையின் இன்ன மோட்டார் நீலகிரி மலைப்பாதையில் தன் சொந்த சக்தியில் ஏறுகிறது என்று. பிறகு பர்லியாருக்கு மேலே எங்கோ ஒரு வளைவு. திறந்த மோட்டார் கார் ஒன்று மேடேறி வருகிறது. தொப்பி போட்ட ஒருவன் ஓட்டுகிறான், அவன் பக்கத்தில் துரை, துரையின் மடியில் ஒரு நாய். பின்னால் தலைப்பாகை கட்டிய ஒரு தலை தெரிகிறது. வண்டி நம்மைக் கடந்து மேலே போய் மறைகிறது. இந்தியாவில் விவரணப்படம் என்று ஒன்று எடுக்க ஆரம்பித்த காலத்தைச் சேர்ந்தது அது என்று அக்கா சொன்னார். குன்னூர் பக்கத்தில் ஒரு எஸ்டேட் பங்களாவை விற்றபோது, அதன் பழைய சாமான் அறையில் கிடைத்த தகர டப்பாக்களை விற்றவர்கள் அவரிடம் கொடுத்திருக்கிறார்கள். அந்தக் காலத்து பிலிம் சட்டென்று தீப்பிடிக்கும் ஜாதி. அதனால் வீட்டில் வைக்காமல் உடனே புனேயில் உள்ள படக் காப்பகத்துக்கு அனுப்பி, சுத்தம் செய்த பிரதி ஒன்றை வாங்கிக்கொண்டார். நான் பார்த்தது அந்தப் பிரதி.

"ஏறுதுங்க" என்றேன்.

"இன்னொருக்கா பாருங்க."

பார்த்தேன். ஏறத்தான் ஏறியது. "இன்னொருக்கா" என்றார். மூன்றாவது முறை ஓடும்போதுதான் எனக்கு ஏதோ உறுத்தியது. மண் ரோடு. வண்டி போனால் தூசி பின்னால் கிளம்ப வேண்டும். இதில் தூசி வண்டிக்கு முன்னால் நின்றது. வண்டி அதற்குள் நுழைய நுழைய, தூசி சக்கரத்துக்குள் போய் அடங்கியது. வண்டி தாண்டிப்போன ரோடு கழுவிவிட்ட மாதிரி இருந்தது.

"இது ஏறலீங்க" என்றேன். "பின்பக்கமாவே கீழ உருள விட்டு எடுத்து, படத்தைத் திருப்பி ஓட்டியிருக்காங்க."

அக்கா எழுந்து போய் டிவியின் இடது ஓரத்தில் விரலை வைத்தார். பாறை இடுக்கில் ஒரு சின்ன ஓடை. மழைக்காலத்தில் அந்தப் பாதையில் போகிற யாரும் பார்த்திருக்கக்கூடிய சாதாரண ஓடை. தண்ணீர் கீழிருந்து மேலே ஏறிக்கொண்டிருந்தது.

"அப்ப உங்களுக்கு முன்னாடியே தெரியுமா? சொல்லியிருக்கலாம்ல?"

"நான் சொல்லியிருந்தா நீங்க ஓடையத்தான் பாத்திருப்பீங்க. தூசி கெடச்சிருக்காது."

பிறகு டப்பாவின் கடைசியில் ஒட்டியிருந்த இன்னொரு துண்டையும் போட்டார். அதே வளைவு, அதே வண்டி. நாயோடு துரை ஓரமாக நிற்கிறார். வண்டியின் முன்னால் நீளமாக இரண்டு கயிறுகள். ஒவ்வொரு கயிற்றிலும் வரிசையாக ஆட்கள், தலைப்பாகையும் இடுப்பு வேட்டியுமாக, உடம்பை முன்னால் சாய்த்து இழுக்கிறார்கள். வண்டி அங்குலம் அங்குலமாக மேலே வருகிறது. இங்கே தண்ணீர் ஒழுங்காகக் கீழே விழுந்தது.

நடந்தது எங்களுக்குப் புரிந்துவிட்டது. வண்டி அந்த ஏற்றத்தில் ஏறவில்லை. ஆட்களை வைத்து இழுத்து மேலே கொண்டுபோயிருக்கிறார்கள். பிறகு படத்துக்காக அதைப் பின்னோக்கி உருள விட்டிருக்கிறார்கள். எனக்கு அந்த காமிராக்காரன் மேல் கோபம் வந்தது. அக்காவுக்கு வரவில்லை. "திருட்டுப் பய. ஆனா வேலை தெரிஞ்சவன்" என்றார். "இந்தக் கயித்துத் துண்டை அவன் குப்பையில போட்டிருக்கலாம். போடல பாருங்க. கடைசில ஒட்டி வெச்சுட்டுப் போயிருக்கான். யாராச்சும் ஒரு நாள் பாப்பாங்கன்னு நெனச்சானோ என்னமோ."

இங்கேதான் நடராஜன் வருகிறார். ஊட்டியில் மோட்டார் உதிரிபாகக் கடை வைத்திருப்பவர், பழைய கார் வைத்திருப்போர் சங்கத்தின் செயலாளர். நல்ல மனிதர். சனிக்கிழமைத் திரையிடலுக்கு புரொஜக்டர் கொடுத்ததே அவருடைய சங்கம்தான். அக்காவிடம் இப்படி ஒரு படம் இருக்கிறது என்று கேள்விப்பட்டு, அதன் ஒரு காட்சியை மட்டும் போட்டோவாக வாங்கிப்போயிருந்தார். அதைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டுக் கடையில் மாட்டியும் விட்டார். காரணம், பின்னால் தெரிந்த அந்தத் தலைப்பாகை. அவருடைய அம்மாவைப் பெற்றவர், அவர் வாயில் சொன்னால் அப்பிச்சி, அந்தத் துரையிடம் வேலை செய்தவர். துரையோடு ஒரே வண்டியில், பின் சீட்டில் உட்கார்ந்து மலை ஏறிய முதல் ஆள் எங்கள் அப்பிச்சி என்று மூன்று தலைமுறையாக அந்தக் குடும்பத்தில் சொல்லிக்கொண்டிருந்தார்கள். சங்கத்தின் ஆண்டு விழாவில் படத்தைத் திரையிட்டு, அந்த வளைவில் ஒரு கல்லும் நடுவதாக ஏற்பாடு. கல்லில் எழுத்துகூட வெட்டியாகிவிட்டது.

விழாவுக்கு முன்னால் அவரை வரவழைத்துத் தனியாகக் காட்டிவிட வேண்டும் என்று அக்கா சொன்னார். "கூட்டத்துக்கு நடுவுல அவரு இதைப் பாக்கக் கூடாது." நடராஜன் டீயோடு தின்ன ஒரு பொட்டலம் வர்க்கியோடு வந்தார். முதல் தடவை பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அக்கா ஓடையைக் காட்டினார். நான் தூசியைக் காட்டினேன். பிறகு கயிற்றுத் துண்டைப் போட்டோம். வர்க்கிப் பொட்டலம் பிரிக்காமல் மடியிலேயே இருந்தது.

"இந்தக் கடைசித் துண்டு வேண்டாங்க" என்றார். "முன்னாடி இருக்கறதை மட்டும் போடுங்க. அது போதும்."

"போடாம இருக்கறதுன்னா இருந்துக்கலாங்க" என்றார் அக்கா. "பாதிய மட்டும் போட மாட்டேன்."

"யாருக்குங்க நஷ்டம்? நூறு வருசத்துக்கு முந்தின கதை."

"நான் பம்பாய்ல இருந்தப்ப, ஒரு மந்திரி பேச்சுக்கு ஒருத்தரும் கைதட்டல. வேற கூட்டத்துக் கைதட்டலை எடுத்து ஒட்டச் சொன்னாங்க. ஒட்டினேன். அதனால அந்த காமிராக்காரன் செஞ்சதை நான் தப்புன்னு திட்ட வரல. ஆனா இப்ப என்னை யாரும் ஒட்டச் சொல்ல முடியாது நடராஜு. ரிட்டயர் ஆயாச்சு."

நடராஜன் சிரிக்கவில்லை. "எங்க அப்பிச்சி உக்காந்திருக்கறது பொய்யில்லையே" என்றார்.

"உங்க அப்பிச்சின்னு உங்க ஊட்டுல சொல்றீங்க. படத்துல ஒரு தலைப்பாகை இருக்குது. அதுக்கு மேல எனக்குத் தெரியாது."

இதை இன்னும் கொஞ்சம் பக்குவமாகச் சொல்லியிருக்கலாம். அவர் போன பிறகு அக்காவிடமும் அதைச் சொன்னேன். "எப்படிச் சொன்னாலும் அதுதானே" என்றார். பிடிவாதக்காரர்தான். அதை மறைத்து எழுதினால் அவருக்கே பிடிக்காது.

விழாவில் படம் போடவில்லை. கல்லும் நடவில்லை. அடுத்த வாரம் சங்கத்திலிருந்து ஒரு பையன் வந்து புரொஜக்டரைக் கேட்டான். அக்கா அதைத் துடைத்து, ஒயரைச் சுருட்டிக் கட்டி, அதன் உறையைப் போட்டுக் கொடுத்தனுப்பினார். சனிக்கிழமைத் திரையிடல் நின்றது. மழைக்காலம் முழுக்கக் கூடம் பூட்டியே கிடந்தது. இடையில் என்ன ஆயிற்று என்று கேட்டவர்களிடம் "மிஷின் ரிப்பேருங்க" என்று மட்டும் சொன்னார். நடராஜனைப் பற்றி யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சண்டை, மறைத்துவிட்டார்கள் என்றெல்லாம் ஊரில் கிளம்பிய பேச்சு அவர் வாயிலிருந்து வந்ததல்ல.

எனக்குத்தான் பொறுக்கவில்லை. எங்கள் ஜெகதளாவில் கல்யாண வீடியோ எடுக்கிற பையன் ஒருவனிடம் புரொஜக்டர் இருந்தது. ஊர்க் கூடத்தையும் கேட்டு வாங்கினேன். "வர்ற ஞாயித்துக்கெழம சாயங்காலம் இங்க போடலாங்க்கா, முழுசா" என்றேன். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். அவர் முதலில் கேட்டது, "நடராஜுகிட்ட சொல்லியாச்சா?" என்றுதான். நான் முகத்தைச் சுளித்ததும், "நீங்களே போய்க் கூப்பிடுங்க. போன்ல வேண்டாம்" என்றார்.

ஊட்டிக்குப் போனேன். கடைச் சுவரில் அந்தப் போட்டோ இருந்த இடம் காலியாக இருந்தது. ஆணி மட்டும் இருந்தது. நான் விஷயத்தைச் சொன்னதும் நடராஜன், "வேலை இருக்குதுங்க" என்று சொல்லிவிட்டு ஒரு பேரிங்கைக் காகிதத்தில் சுற்ற ஆரம்பித்தார். நான் திரும்பிவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை கூடம் நிறைந்துவிட்டது. தோட்டத்து வேலை முடித்து வந்தவர்கள், ஃபேக்டரி ஆட்கள், குந்தாவில் மின்வாரியத்தில் இருந்து ஓய்வு பெற்ற என் நண்பர்கள் சிலர். வெளியே மஞ்சு மூட்டம் இறங்கிவிட்டதால் கதவைச் சாத்த வேண்டியிருந்தது. அக்கா முன்னுரை எதுவும் சொல்லவில்லை. "மொதல்ல பாருங்க, அப்பறம் பேசலாம்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் படத்தைப் போட்டார்.

ஓடை விஷயத்தை அந்தக் கூட்டம் இரண்டாவது முறையிலேயே கண்டுபிடித்துவிட்டது. ஒரு பெண் முதலில் சிரித்தாள், பிறகு கூடம் முழுக்கச் சிரித்தது. தண்ணீர் மேலே ஏறுவதைப் பார்ப்பதற்காகவே திரும்பத் திரும்பப் போடச் சொன்னார்கள். கயிற்றுத் துண்டு வந்ததும் சிரிப்பு நின்றது. அந்தப் பாதையில் எத்தனையோ பேர் எதையெதையோ இழுத்திருக்கிறார்கள் என்பது அந்தக் கூடத்தில் யாருக்கும் புதிதில்லை. யாரோ, "நேராப் போட்டுக் காட்டுங்களேன்மா" என்று கத்தினார்கள். அதாவது, திருப்பி எடுத்த படத்தை மறுபடி திருப்பி, நடந்தது நடந்தபடி.

அக்கா அதையும் தயாராக வைத்திருந்தார். நான்கூட அதுவரை அப்படிப் பார்த்ததில்லை. தண்ணீர் கீழே விழுந்தது. வளைவின் மேலிருந்து வண்டி பின்பக்கம் முன்னால் வர உருண்டு வந்தது. தூசி இப்போது அது விட்டு வந்த பக்கம் எழுந்தது. ஏறும்போது கம்பீரமாக இருந்த ஓட்டுநரின் முகம், இறங்கும்போது பயந்த முகமாக இருந்தது. துரை நாயை இறுகப் பிடித்திருந்தார். அந்தக் காலத்து பிரேக் முன்னால் போகிற வண்டியைத்தான் ஒருவாறு நிறுத்தும். பின்னால் உருளுகிற வண்டியை அநேகமாக நிறுத்தாது.

"உக்காரல" என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

திரும்பிப் பார்த்தேன். கதவோரம் நடராஜன் நின்றிருந்தார். பக்கத்தில் அவர் மனைவி. எப்போது வந்தார்கள் என்று தெரியவில்லை. மப்ளர்கூடக் கழற்றவில்லை.

"நிறுத்துங்க. கொஞ்சம் முன்னாடி போங்க. அங்க. வண்டிக்கு அடியில பாருங்க."

அக்கா படத்தை அந்த இடத்தில் நிறுத்தினார். அந்தக் காலத்து வண்டிகள் தரையிலிருந்து நல்ல உயரம். சக்கரங்களுக்கு நடுவே அடியில் அந்தப் பக்கத்து வெளிச்சம் தெரியும். அந்த வெளிச்சத்தில் இரண்டு கால்கள். வெறுங்கால்கள். அதுவரை நாங்கள் நிழல் என்று நினைத்தது.

மெதுவாக ஓட்டிக் காட்டினார். இப்போது எல்லோருக்கும் தெரிந்தது. தலைப்பாகைக்காரர் வண்டிக்குள் இல்லை. வண்டிக்கு அந்தப் பக்கமாக, அதோடு கூடவே ஓடிக்கொண்டிருந்தார். குலுங்கும்போது துரையின் தலையும் ஓட்டுநரின் தலையும் ஒன்றாக எழும்பின. தலைப்பாகை மட்டும் தன் கணக்கில் எழும்பித் தாழ்ந்தது. வண்டி நம்மைக் கடக்கிற இடத்தில் ஒரு கணம் அவருடைய கையும் தெரிந்தது. கையில் முக்கோணமாக ஒரு கட்டை. வண்டி கையை மீறினால் சக்கரத்துக்கு அடியில் போட வேண்டிய கட்டை.

நான் எழுந்து, அந்தக் கட்டை எதற்கு, பிரேக் ஏன் பிடிக்காது என்று இரண்டு வார்த்தை சொன்னேன். உருளுகிற சக்கரத்துக்குக் கீழே கையை நீட்டிக் கட்டை போட வேண்டியவன் அந்த வண்டியில் வந்த யாரையும்விட ஆபத்தான இடத்தில் இருந்தான் என்பதையும் சொன்னேன். நடராஜன் சுவரில் சாய்ந்து நின்றபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

"எங்கம்மா சாகற வரைக்கும் சொல்லிட்டிருந்துச்சுங்க, அப்பிச்சி துரைக்குப் பின்னாடி உக்காந்து வந்தாருன்னு" என்றார். யாரிடம் சொன்னார் என்று தெரியவில்லை. "உக்காரலீங்க. ஓடியிருக்காரு. செருப்புகூட இல்லாம."

அவர் மனைவிதான் பேச்சை முடித்துவைத்தார். "உக்காந்து வர்றது என்ன பெருசுங்க. யாரு வேணா உக்காந்துக்கலாம். அந்த மூணு உசுரும் அவரு கையிலல்ல இருந்திருக்குது" என்றார். மடியில் இருந்த நாயையும் சேர்த்துத்தான் அவர் எண்ணினார்.

எல்லோரும் போன பிறகு நடராஜன் அக்காவிடம் வந்தார். நான் ஒயரைச் சுற்றிக்கொண்டு பக்கத்தில் இருந்தேன். அவர் மன்னிப்பு ஒன்றும் கேட்கவில்லை. அக்காவும் எதிர்பார்க்கவில்லை. "அது எங்க அப்பிச்சிதான்னு இப்பவும் சொல்ல மாட்டீங்களா?" என்று கேட்டார்.

"சொல்ல மாட்டேன். முகம் தெரியலயே."

"நான் சொல்லிக்கலாமா?"

"நீங்க தாராளமாச் சொல்லுங்க. நீங்க பேரன்."

நடராஜன் அப்போதுதான் சிரித்தார்.

வண்டியில் குன்னூர் திரும்பும்போது அக்காவிடம் கேட்டேன், கால்கள் அவருக்கு முன்னாலேயே தெரியுமா என்று. தெரியும் என்றார். எனக்குக் கோபம் வந்தது. இத்தனை மாதம் அந்த மனிதரை வருத்தப்பட விட்டிருக்க வேண்டுமா, அன்றைக்கே காட்டியிருந்தால் சண்டையே வந்திருக்காதே என்று கேட்டேன். "அன்னைக்குக் காட்டியிருந்தா, அவரு பெருமையா வெச்சிருந்ததை நான் புடுங்கின மாதிரி இருந்திருக்கும். இன்னைக்கு அவராக் கண்டுபிடிச்சாரு. இனி அது அவருது" என்றார். அது சரியா என்று எனக்கு இன்றுவரை முடிவாகத் தெரியவில்லை. வேறொருவர் அந்தக் கூடத்தில் முந்திக்கொண்டு சொல்லியிருந்தால்? நடராஜன் வராமலே இருந்திருந்தால்? கேட்டேன். "வராம இருந்திருந்தா நான் போயிருப்பேன் ஊட்டிக்கு. டிவிய நீங்க தூக்கிட்டு வந்திருப்பீங்க" என்றார்.

புரொஜக்டர் திரும்பி வந்தது, டேவிடும் நானும் போய் எடுத்துவந்தோம். சனிக்கிழமைகள் மறுபடி தொடங்கின. வெட்டிய கல் சங்கத்தின் கொட்டகையில் கவிழ்த்துப் போட்டபடி கிடக்கிறது. அதன்மேல் பெட்ரோல் கேன் வைக்கிறார்கள். சங்கத்தின் ஆண்டு விழாவில் இப்போது அந்தப் படத்தை முழுதாகப் போடுகிறார்கள், திருப்பியும் நேராகவும். நடராஜன் மைக்கைப் பிடித்து விளக்கம் சொல்கிறார். ஒவ்வொரு வருடமும் அப்பிச்சி ஓடிய தூரம் கொஞ்சம் கூடிக்கொண்டே போகிறது. அக்கா முன் வரிசையில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார், திருத்த மாட்டார். இதுதான் நடந்தது. யாரும் எதையும் மறைக்கவில்லை.

அவருக்கு இதயத்தில் கோளாறு என்று தெரிந்தது போன வருடம். ஒரு நாள் மூச்சுத் திணறல் அதிகமாகி, ஆம்புலன்ஸில் கோயம்புத்தூருக்குக் கொண்டுபோனோம். டேவிட் முன்னால் உட்கார்ந்தான், நான் பின்னால் அவர் பக்கத்தில். ஏற்றும்போதே, ஆக்ஸிஜன் முகமூடியை விலக்கிக்கொண்டு ஓட்டுநரைக் கேட்டார்.

"தம்பி, உங்க பேரு என்னங்க?"

"பிரவீனுங்கம்மா."

"மெதுவாவே போங்க பிரவீன். ஒரு நிமிசம் முன்னாடி போய் ஒண்ணும் ஆகப்போறதில்ல."

பர்லியார் தாண்டியதும் கொஞ்சம் தெளிவாக இருந்தார். இந்த நிலைமையில் ஓட்டுநர் பெயர் எதற்கு என்று கேட்டேன். பேச்சுக் கொடுத்தால் அவர் தூங்காமல் இருப்பார் என்று கூட வந்த நர்ஸ் சொல்லியிருந்தாள்.

"எப்பவுமே கேப்பனே. பம்பாய்லயும் கேப்பேன். வண்டியப் பத்தி எத்தனை படம் என் கையில வந்திருக்கும். எல்லாத்துலயும் மொதல்ல எழுத்து வரும். சொந்தக்காரன் பேரு இருக்கும், வண்டி பேரு இருக்கும். நம்ம படத்துல அந்த நாய்க்குக்கூட பேரு போட்டிருக்காங்க, படிச்சீங்களா?" மூச்சு வாங்கியது. "ஓட்டறவன் பேரு ஒண்ணுலயும் இல்ல. போனவங்களைக் கேக்க முடியாது. இருக்கறவங்களைக் கேட்டுக்கலாம்ல."

அந்த முறை பிழைத்து வீட்டுக்கு வந்தார். அதன் பிறகு சில மாதங்கள் இருந்தார். கடைசிச் சனிக்கிழமைகளில் டேவிடே படத்தைப் போட, அவர் நாற்காலியில் போர்வையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்ததை நீங்கள் பார்த்திருப்பீர்கள்.

அவருடைய பிரதிகளெல்லாம் டேவிடிடம் இருக்கின்றன. திரையிடல் தொடரும். நான் அவரிடமிருந்து எடுத்து வைத்துக்கொண்டது ஒரு பழக்கத்தை மட்டும்தான். இப்போது எந்த வண்டியில் ஏறினாலும் ஓட்டுகிறவரிடம் பெயர் கேட்கிறேன். பஸ்ஸில் கேட்டால் புகார் எழுதப் போகிறேனோ என்று சிலர் சந்தேகமாகப் பார்க்கிறார்கள். சிலர் சொல்லிவிட்டு என் பெயரைக் கேட்கிறார்கள். வருகிற வழியெல்லாம் பேசிக்கொண்டு வருகிறார்கள்.

ஹெலன் அக்காவை வீட்டிலிருந்து தேவாலயத்துக்கும், அங்கிருந்து கல்லறைத் தோட்டத்துக்கும் கொண்டுபோன வண்டியை ஓட்டியவர் பெயர் மாதன். கெந்தொரை ஊர்க்காரர். தெருவிலிருந்து மேடேறும் இடத்தில் ஈரமாக இருந்தது. பின்னால் கொஞ்சம்கூட உருள விடாமல், ஒரே கியரில், நிதானமாக ஏற்றினார்.